வரிசை எண் மூன்று

செப்டம்பர் 2, திங்கள்

மனு கொடுத்து இன்றோடு நானூற்றுப் பதினோரு நாள். சென்னை இயக்குநரகத்திலிருந்து ஒரு வரி கிடையாது. ‘உங்கள் மனு கிடைத்தது’ என்று ஒரு கார்டு போடக்கூட அந்தப் புண்ணியவான்களுக்குக் கை வரவில்லை. நினைவூட்டு ஆறு அனுப்பிவிட்டேன். கிணற்றில் கல்லைப் போட்டாலாவது ‘தொபுக்’ என்று ஒரு சத்தம் வரும்.

விஷயம் கைக்குழந்தைக்கும் விளங்கும். நான் துறைத் தேர்வு தேறியது 1996இல். சென்னையில் எவனோ ஒரு மேதாவி, பதவி உயர்வுக்குப் பார்க்கிற முதுநிலைப் பட்டியலில் அதை 1998 என்று ஏற்றிவிட்டான். அதனால் எனக்கு ஒரு வருடம் பின்னால் தேறிய ஞானதுரை எனக்கு முன்னால் போய் நேர்முக உதவியாளர் ஆகிவிட்டான். அதுவும் வேறு ஊரில் இல்லை, இதே அலுவலகத்தில். என் மேஜைக்கு எதிரே பச்சைத் திரை போட்ட அறைக்குள் உட்கார்ந்திருக்கிறான். அவனுக்குக் குறிப்பு எழுதச் சொல்லிக் கொடுத்தவனே நான்தான். இன்று அந்தத் திரையை விலக்கி, ‘உள்ளே வரலாமா சார்’ என்று நான் கேட்க வேண்டியிருக்கிறது.

ஏப்ரல் 30 எனக்கு ஓய்வு. அதற்குள் ஒரே ஒரு நாளாவது நேர்முக உதவியாளராக உட்கார்ந்து எழுந்துவிட வேண்டும். இல்லையென்றால் வழியனுப்பு விழாவில் ஞானதுரை எனக்குச் சால்வை போடுவான், நான் தலையைக் குனிந்து வாங்கிக்கொள்ள வேண்டும்.

செப்டம்பர் 5

கரண்ட் இல்லை. காலை முழுக்க வேர்வையில் கோப்பு பார்த்தேன்.

ஜெபக்கனி மறுபடியும் மேஜை முன்னால் வந்து நின்றாள். என் பிரிவு இளநிலை உதவியாளர். தூத்துக்குடிக்கு மாறுதல் கேட்டு மனு கொடுத்திருக்கிறாள். புருஷன் அங்கே துறைமுகத்தில் வேலை, மூன்று வயதுப் பிள்ளை, தினமும் காலை ஆறு மணி பஸ்ஸில் திருநெல்வேலி வருகிறாள்.

“சார், என் பேப்பர மேல அனுப்பியாச்சா?”

“அனுப்புறப்ப அனுப்புவோம். ஒனக்கு மட்டும்தான் பிள்ள இருக்கா? ஊருல ஒருத்திக்கும் இல்லையா?”

போய்விட்டாள். மனு என் டிராயரில்தான் இருக்கிறது. ஏழு மாதம்தானே ஆகிறது. நான் நானூறு நாளாகக் காத்திருக்கிறேன், இவளுக்கு என்ன அவசரம்? தவிர, இவள் போய்விட்டால் இந்தப் பிரிவில் பிழையில்லாமல் நாலு வரி எழுத ஒரு ஆள் இல்லை.

செப்டம்பர் 14, சனி

மதுரைக்குப் போனேன். வக்கீல் பெயர் சபூரா. முப்பத்தைந்து வயதிருக்கும். என் கோப்பை முழுக்கப் படித்தாள் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அதற்கப்புறம் பேசியதுதான் சரியில்லை.

“சார், தேர்வுச் சான்றிதழ் உங்க கையில இருக்கு. பட்டியல் தப்புன்னு பச்சையாத் தெரியுது. பட்டியலையே திருத்தச் சொல்லிக் கேட்போம். எதுக்கு சுத்தி வளைக்கணும்?”

“அதெல்லாம் பொறவு. மொதல்ல என் மனுவுக்கு அவன் பதில் சொல்லணும்.”

“உங்களுக்குப் பதில் வேணுமா சார், பதவி வேணுமா?”

என்ன கேள்வி இது? முப்பத்தாறு வருடம் அரசாங்கத்தில் குப்பை கொட்டியவனிடம் கேட்கிற கேள்வியா? ஒரு அலுவலகத்தில் மனு போட்டால் பதில் வர வேண்டும். பதில் வந்தால் எல்லாம் தானாக வரும். பதில் எழுத உட்கார்ந்தால் சான்றிதழைப் பார்ப்பான், பார்த்தால் 1996 கண்ணில் படும். இந்த ஒழுங்கு வக்கீல்களுக்குப் புரியாது. கறுப்புக் கோட்டுக்குள் எல்லாமே அவசரம்.

‘என் மனுவைப் பரிசீலித்து ஆணை பிறப்பிக்குமாறு உத்தரவிட வேண்டும்’ என்று வேண்டுகோளை நானே எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன். அவளுடைய வரைவில் பதினொரு இடத்தில் சிவப்பு மை போட்டேன்.

அக்டோபர் 16

மழை. கோப்பறை ஒழுகி, மூன்று வாளி வைத்தோம். ரிட் மனு தாக்கல் ஆகிவிட்டது.

நவம்பர் 12

உயர்நீதிமன்றக் கிளையில் இன்று என் வழக்கு. காலை ஒன்பதரைக்கே போய் நின்றேன். வராந்தா முழுக்க என்னைப் போல அரசாங்க உத்தியோகஸ்தர்கள்தான். ஒரு வாத்தியார், இரண்டு நர்சுகள், வனத்துறைக் காவலர் ஒருவர். எல்லாரும் ஆளுக்கொரு பிளாஸ்டிக் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றார்கள். எல்லாருக்கும் ஒரே வியாதி, மனு போட்டார்கள், பதில் இல்லை. இவர்கள் மனு எழுதிய லட்சணத்தைப் பார்த்தால் நானே பதில் போட மாட்டேன். நர்ஸ் ஒருத்தி நாலு பக்கத்துக்கு அழுது வைத்திருக்கிறாள், ‘பார்வை’ என்று முந்தின கடித எண்ணைக் காட்டி ஒரு வரிகூட இல்லை.

மதியம் அழைத்தார்கள். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. மனுதாரரின் மனுவைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, நகல் கிடைத்த எட்டு வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்க வேண்டும் என்று உத்தரவு. நான் கேட்டது கேட்டபடி, வார்த்தைக்கு வார்த்தை. சபூரா மேடத்தின் முகத்தைப் பார்த்தேன். அவள் அடுத்த வழக்குக் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

அவள் குமாஸ்தா மட்டும் வெளியே வந்து, “சாமி வரம் குடுத்துருச்சு சார். இனிமே பூசாரியப் பாக்கணும்” என்றான். அபசகுனம் பிடித்தவன். அவனுக்கு டீ வாங்கிக் கொடுக்கலாம் என்று இருந்தேன், விட்டுவிட்டேன்.

டிசம்பர் 2

உத்தரவு நகலைச் சென்னையில் இன்று கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டார்கள் என்று வக்கீல் குமாஸ்தா போனில் சொன்னான். எட்டு வாரம் என்றால் ஜனவரி 27.

ஞானதுரை திரைக்கு வெளியே வந்து கை கொடுத்தான். “அண்ணாச்சி, சந்தோசம். எனக்கு அப்பமே தெரியும், ஒங்களுக்கு நடந்தது அநியாயம்னு.” தெரிந்தும் அந்த நாற்காலியில் ஒரு வருடத்துக்கு மேலாக எப்படி உட்கார்ந்திருக்கிறான் என்று கேட்கவில்லை. பகவதியிடம் சொன்னேன். “அவரு நல்லதுதான சொன்னாரு?” என்கிறாள். என் பெண்டாட்டிக்கு யார் சிரித்தாலும் நல்லவர்கள்தான்.

டிசம்பர் 17

ஜெபக்கனிக்கு இன்று பாடம் எடுத்தேன். ஒரு வாட்ச்மேனின் மனுவுக்கு ஒன்றரைப் பக்கம் பதில் எழுதிக்கொண்டு வந்து நிற்கிறாள். அவன் சொன்னதில் எது சரி, எது தவறு, எந்த விதி என்று வரிசையாக. பரீட்சைத் தாளா இது?

அதைக் கிழித்துப் போட்டுவிட்டு, 1999இல் நான் எழுதிய மாதிரி வாக்கியத்தை எடுத்துக் கொடுத்தேன். ‘மனுதாரரின் கோரிக்கை கவனமுடன் பரிசீலிக்கப்பட்டது. நடைமுறையில் உள்ள விதிகளில் இடமில்லாத காரணத்தால் ஏற்பதற்கில்லை.’ இருபத்தைந்து வருடமாக எவனாலும் அசைக்க முடியவில்லை. எந்த விதி என்று சொன்னால்தானே அதைப் பிடித்துக்கொண்டு வருவான்?

“யாரு மனுவா இருந்தாலும் இதான் சார் எழுதணுமா?”

“பேரப் பாக்காத. கட்ட நகத்து.”

அவள் பாவம் பார்க்கிறவள். பாவம் பார்த்தால் தபால் குறையாது.

ஜனவரி 10, வெள்ளி

பொங்கலுக்கு முந்தின வெள்ளிக்கிழமை. பதினொரு மணிக்கே பாதி நாற்காலி காலி. பொங்கலுக்கு நாகர்கோவிலில் மகள் வீட்டுக்குப் போகிறோம். மூன்றரைக்கு பஸ் பிடிக்க வேண்டும், பகவதி கரும்போடு பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டு இரண்டு தடவை போன் பண்ணிவிட்டாள்.

ஜெபக்கனி இரண்டரை மணிக்கு முப்பத்தேழு கோப்பைக் கொண்டுவந்து மேஜையில் இறக்கினாள். சென்னைக்கு இன்றே போக வேண்டிய நீதிமன்ற வழக்குகள் வேறு அதில் இருக்கின்றன. ஏழு வழக்குக்குச் சேர்த்து ஒரே கடிதத்தில் குறிப்புரை, அதாவது இந்த அலுவலகத்தின் கருத்து, கேட்டிருக்கிறார்களாம், ஏழுக்கும் பட்டியல் போட்டுப் பதில் வைத்திருக்கிறாளாம். சுருக்கொப்பம் போட்டுக்கொண்டே போனேன்.

“சார், இந்தப் பட்டியல்ல வரிசை எண் மூணு மட்டும் ஒரு தடவ படிச்சிருங்க.”

“நீ எழுதினத நான் படிக்கணும்னா, நீ எதுக்கு? நானே எழுதிர மாட்டேனா?”

“இல்ல சார், அது வந்து…”

“எம்மா, பஸ்ஸு போயிரும். தள்ளு.”

முப்பத்தேழையும் இருபது நிமிஷத்தில் முடித்தேன். இந்த ஆபீஸில் இப்படி வேலை பார்க்க இன்னொருத்தன் பிறந்து வர வேண்டும்.

ஜனவரி 22

இன்னும் ஐந்து நாள். முடி வெட்டிக்கொண்டேன்.

ஜனவரி 29, புதன்

பதில் வந்துவிட்டது. தேதி 24, கெடுவுக்கு மூன்று நாள் முன்னால். பதிவுத் தபாலைக் கையெழுத்துப் போட்டு வாங்கினேன். என் பெயருக்கு, என் மனு எண்ணுக்கு, இயக்குநர் கையொப்பத்தோடு ஒரு பதில். பிரிக்குமுன் கண்ணில் ஒற்றிக்கொண்டேன் என்று எழுத வெட்கமாக இருக்கிறது.

நிராகரித்துவிட்டார்கள்.

‘மனுதாரரின் கோரிக்கை கவனமுடன் பரிசீலிக்கப்பட்டது. நடைமுறையில் உள்ள விதிகளில் இடமில்லாத காரணத்தால் ஏற்பதற்கில்லை.’ என் வாக்கியம்! முதலில், நம் வாக்கியம் சென்னை வரைக்கும் போய்விட்டதே என்றுகூட ஒரு நொடி இருந்தது. அப்படிப்பட்ட கிறுக்கன் நான். அதற்கப்புறம்தான் அடுத்த வரியைப் பார்த்தேன். ‘மாவட்ட அலுவலகத்தின் 10.1 நாளிட்ட குறிப்புரையின் அடிப்படையில்’ என்று போட்டிருக்கிறது.

மாவட்ட அலுவலகம் என்றால் இந்த அலுவலகம். குறிப்புரை அனுப்பியவன் இங்கேதான் இருக்கிறான். கை கொடுத்தானே அண்ணாச்சி அண்ணாச்சி என்று! பச்சைத் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து கழுத்தை அறுத்திருக்கிறான். சான்றிதழை ஒரு தடவை புரட்டிப் பார்த்திருந்தால் இப்படி எழுதக் கை வருமா? எழுதியவன் மனிதனா? தின்கிற சம்பளத்துக்கு நாலு வரி படிக்க வேண்டாமா? நாளைக்கு வைத்துக்கொள்கிறேன் அவனை.

ஜனவரி 30

எப்படி எழுதுவதென்று தெரியவில்லை. நடந்தபடியே எழுதுகிறேன்.

காலையில் திரையை விலக்கிக்கொண்டு போய், உள்ளே வரலாமா என்று கேட்காமல், “ஏல ஞானதுரை, நீ உருப்படுவியால?” என்று ஆரம்பித்தேன். ஆபீஸ் முழுக்க எழுந்து நின்றுவிட்டது. என்னென்ன சொன்னேன் என்று முழுதாக நினைவில்லை. படிக்காமல் கையெழுத்துப் போடுகிற கழுதை என்று சொன்னது மட்டும் நன்றாக நினைவிருக்கிறது.

அவன் கோப்பை எடுத்து வரச் சொன்னான். ஜெபக்கனிதான் கொண்டுவந்தாள். அவன் பிரித்து என் பக்கம் திருப்பி வைத்தான். ஏழு வழக்கின் பட்டியல். வரிசை எண் மூன்று என் வழக்கு. பெயர் இல்லை, வழக்கு எண் மட்டும். எதிரே என் வாக்கியம். அடியில் ஜெபக்கனியின் கையெழுத்து, அதற்குப் பக்கத்தில் நீல மையில், வாலைச் சுழித்து, ‘சி.தா.’

சிதம்பரதாணு. நான்தான்.

“நானும் ஒங்க ஒப்பத்தப் பாத்துத்தான் போட்டேன் அண்ணாச்சி” என்றான் ஞானதுரை. “நீங்க பாத்தா அப்பீலே கெடையாதுல்லா.”

ஜனவரி 31

விடுப்பு.

பிப்ரவரி 3, திங்கள்

வக்கீலுக்குப் போன் பண்ணினேன். நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடுவோம் என்றேன்.

“எப்படி சார் போட முடியும்? மனுவுக்குப் பதில் சொல்லுன்னு உத்தரவு வாங்கினோம். கெடுவுக்குள்ள சொல்லிட்டாங்க. நீங்க கேட்டது கிடைச்சிருச்சு.”

செருப்பால் அடித்த மாதிரி இருந்தது, அதிலும் அவள் குரலில் கேலி இல்லாமல் சொன்னதுதான் அதிகம் வலித்தது. பட்டியலை எதிர்த்துப் புதிதாக வழக்குப் போடலாமாம். ஆனால் அதில் குறிப்புரை விவகாரம் முதல் பக்கத்திலேயே வரும். ‘மனுதாரரே நிராகரிக்கப் பரிந்துரைத்திருக்கிறார்’ என்று அரசு வக்கீல் எழுந்தால் என்ன சொல்வது? அந்தக் குறிப்புரையைத் துறையே திரும்பப் பெற்றால் ஒழிய வழியில்லை என்கிறாள்.

சாயங்காலம் ஞானதுரை என்னைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னான். வியாழக்கிழமை நடந்ததைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவன் வழி சொன்னான். ஜெபக்கனி உண்மையை மறைத்துக் கோப்பு வைத்தாள் என்று நான் ஒரு வரி எழுதிக் கொடுக்க வேண்டும். அவளுக்கு மெமோ, அதாவது குறிப்பாணை கொடுத்து, ‘கவனக்குறைவு’ என்று விளக்கம் வாங்கிக்கொண்டு, குறிப்புரையைத் திரும்பப் பெறுவதாகச் சென்னைக்கு எழுதிவிடலாம். மார்ச்சுக்குள் பட்டியல் திருந்திவிடும், ஏப்ரலில் நான் நேர்முக உதவியாளர்.

“அவ சின்னப் பிள்ள அண்ணாச்சி. ஒரு தண்டனையோட போயிரும். மாறுதல் மட்டும் ஒரு மூணு வருசம் கெடைக்காது.”

நல்ல வழிதான். பழைய காலத்து ஞானதுரை இல்லை, தேறிவிட்டான்.

பிப்ரவரி 4

அந்த ஒரு வரியை எழுதினேன். ‘மேற்படி பணியாளர் உண்மை நிலையை மறைத்து’ என்று ஆரம்பித்து, நறுக்கென்று வந்திருக்கிறது. கையெழுத்துதான் போடவில்லை. பேனாவில் மை தீர்ந்துவிட்டது.

பகவதியிடம் சொன்னேன். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். “அந்தப் பிள்ளதான் படிங்க படிங்கன்னு சொல்லிச்சாம்லா?” என்றாள். இவளிடம் பொங்கலன்று ஏன் சொல்லித் தொலைத்தேன்? அப்போது பெருமையாகச் சொன்னேன், எப்படி வாயை அடைத்தேன் பார் என்று.

பிப்ரவரி 6

ஜெபக்கனி அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. மேஜை முன்னால் வந்து நின்றாள். கண் மட்டும் சிவந்திருந்தது.

“சார், எனக்குக் குறிப்பாணை வருதுன்னு சொல்லுதாவ. அது ஒங்க கேஸ்னு எனக்குத் தெரியும். சொல்லத்தான் வந்தேன். நீங்க கேக்கல.”

“பேர எழுதியிருக்கலாம்லா?”

“பேரப் பாக்காதன்னு நீங்கதான சார் சொன்னிய.”

“தெரிஞ்சும் ஏன் அந்த வாக்கியத்த வச்ச?”

“மொதல்ல ஒங்களுக்கு மட்டும் ஒரு பக்கம் எழுதினேன் சார். தேர்வு தேதி, சான்றிதழ் எண்ணு எல்லாம் போட்டு. பொறவு பயந்துட்டேன். வாட்ச்மேனுக்கு எழுதினப்ப கிழிச்சிப் போட்டியல்லா.”

அந்த ஒரு பக்கத்தைக் காட்டினாள், இன்னும் வைத்திருக்கிறாள். படித்தேன். நின்றபடியே கடைசி வரிவரைக்கும் படித்தேன். என் வழக்கை என் வக்கீலும் எழுதவில்லை, நானும் எழுதவில்லை, இவள் எழுதியிருக்கிறாள். இது சென்னைக்குப் போயிருந்தால் நான் இன்று அந்தத் திரைக்குப் பின்னால் இருந்திருப்பேன். ஒரே ஒரு எழுத்துப் பிழை இருந்தது. அதைச் சொல்லவில்லை.

போகும்போது, “சார், இருபத்தெட்டு நாளா பிள்ளைக்கு இருமல். மாறுதல் மட்டும் போயிரக் கூடாது சார்” என்றாள். ஊரிலுள்ள பிள்ளைகள் எல்லாம் இருமத்தான் செய்கின்றன. அதற்கு நான் என்ன செய்ய?

பிப்ரவரி 12, புதன்

மாவட்ட அலுவலர் அறையில் விசாரணை. அந்த அம்மாளுக்கு முப்பது வயதுகூட இருக்காது. நேரடி நியமனம். சென்னைத் தமிழ். வந்து மூன்று மாதம், இன்னும் எங்கள் ஊர் வெயிலைப் பற்றிக் குற்றம் சாட்டுவதைப் போலவே பேசுகிறாள். ஒரு பக்கம் ஞானதுரை, இன்னொரு பக்கம் ஜெபக்கனி. குறிப்பாணை தட்டச்சாகித் தயாராக மேஜையில் கிடந்தது. என் ஒரு வரி மட்டும் என் சட்டைப் பையில். காலையில் புது ரீஃபில் போட்டுக் கையெழுத்தும் போட்டாகிவிட்டது.

“சிதம்பரதாணு சார், ஒரே கேள்விதான். இந்தக் குறிப்புரைய நீங்க படிச்சுட்டுக் கையெழுத்துப் போட்டீங்களா, இல்ல இவங்க உங்ககிட்ட மறைச்சுட்டாங்களா?”

ஞானதுரை என்னைப் பார்த்து மெதுவாகத் தலையை ஆட்டினான். பையில் கையை விட்டேன்.

இந்த இடத்தில் ஒன்றைத் தெளிவாக எழுதி வைக்கிறேன். எனக்கு ஜெபக்கனி மேல் எந்த இரக்கமும் கிடையாது. தூத்துக்குடி பஸ்ஸுக்கும் அவள் பிள்ளையின் இருமலுக்கும் இதில் சம்பந்தமே இல்லை. ‘இந்த ஆள் படிக்காமல் கையெழுத்துப் போடுகிறவன்’ என்று ஒரு முப்பது வயதுப் பெண் என்னைப் பற்றிக் கோப்பில் எழுதுவதை என்னால் சகிக்க முடியாது. காரணம் அவ்வளவுதான்.

“படிச்சேன் மேடம்” என்றேன். “வரிக்கு வரி படிச்சுத்தான் போட்டேன்.”

ஜெபக்கனி சட்டென்று என்னைத் திரும்பிப் பார்த்தாள். ஞானதுரை, “அண்ணாச்சி, யோசிச்சுச் சொல்லுங்க” என்றான்.

“யோசிக்க என்ன இருக்கு? அந்தப் பிள்ள எதையும் மறைக்கல. மூணாம் எண்ணப் படிங்கன்னு எடுத்துக் குடுத்துச்சு. படிச்சேன்.”

அலுவலர் குறிப்பாணையை எடுத்து இரண்டாகக் கிழித்துக் கூடையில் போட்டாள். கிழிக்கத் தெரிந்திருக்கிறது, பரவாயில்லை. பிறகு பேனா மூடியைத் திறந்துகொண்டு நிதானமாகக் கேட்டாள்.

“அப்போ உங்க கோரிக்கைய ஏத்துக்க முடியாதுங்கறது உங்களோட சொந்த முடிவு. அப்படித்தான் நான் எழுதணும். வழக்கு, மேல்முறையீடு எதுவும் அப்புறம் நிக்காது. தெரியுமா?”

தெரியும். ஏப்ரல் 30, மேடை, மைக், சால்வையை விரித்துப் பிடித்தபடி ஞானதுரை, எல்லாம் தெரிந்தது.

“ஆமா மேடம்” என்றேன்.

முப்பத்தாறு வருடத்தில் ஒரு மனுவுக்கு நான் நேருக்கு நேர் நின்று சொன்ன முதல் பதில் அது.